எதிர்வீட்டுக்குப் போன பை

தையல் மெஷின்மேல் உட்கார்ந்திருக்கிறது அந்தப் பை, காக்கி நிறம், இரண்டு காது, வயிறு ஒட்டிப்போய் ஒரு பக்கமாகச் சாய்ந்து, அதற்கு மேலே சுவரில் ஏசுநாதர் ஒரு கையை உயர்த்தியபடி அதைப் பார்த்துக்கொண்டிருக்கிறார், தெருவுக்கு இந்தப் பக்கம் ஜன்னல் கம்பிக்குப் பின்னால் நாற்காலியைப் போட்டுக்கொண்டு பிரமநாயகியும் அதையேதான் பார்த்துக்கொண்டிருக்கிறாள், ஞாயிற்றுக்கிழமை மத்தியானம், பாளையங்கோட்டை வெயில் தெருவில் படுத்துக் கிடக்கிறது, எதிர்வீட்டுப் புஷ்பம் சர்ச்சுக்குப் போய்விட்டு வந்து சாப்பிட்டுவிட்டு வாசல் கதவைத் திறந்துபோட்டபடியே தூங்குகிறாள், அவளுடைய முன்னறை முழுக்க இங்கிருந்து தெரிகிறது, பை தெரிகிறது, அது பிரமநாயகியின் பை, அவளும் அவள் கணவர் சங்கரலிங்கமும் நாளைக்குப் புனேவுக்கு ரயிலேறும்போது கையில் கொண்டுபோக வேண்டிய பை, ஆனால் பஞ்சாங்கத்தின் கணக்குப்படி பார்த்தால் அவர்கள் வியாழக்கிழமையே ஊரைவிட்டுப் புறப்பட்டுப் போய்விட்டார்கள். நல்ல நாளில் கிளம்ப முடியாதவர்கள் அந்த நல்ல நாளில் தங்கள் சாமான் ஒன்றைக் கொண்டுபோய், போகிற திசையில் இருக்கும் இன்னொரு வீட்டில் வைத்துவிட வேண்டும், வைத்துவிட்டால் கிளம்பியதாகவே அர்த்தம், பிறகு ரயில் எந்த நாளில் வந்தாலும் குற்றமில்லை, பரஸ்தானம் என்று இதற்குப் பெயர், ஒன்றே ஒன்றுதான் கூடாது, வெளியே போன சாமான் திரும்பவும் படியேறி வீட்டுக்குள் வந்துவிடக் கூடாது, வந்தால் பயணம் முறிந்தது, அப்புறம் கிளம்பக் கூடாது, அவ்வளவுதான். ஆகவே அவள் போயாகிவிட்டது, அப்படியானால் இந்த நாற்காலியில் உட்கார்ந்திருப்பது யார் என்று கேட்டால் பஞ்சாங்கத்துக்குப் பதில் தெரியாது.

டிக்கெட் போட்டது நாதன், ஒரே பிள்ளை, காந்திமதிநாதன் என்று வைத்த பெயரைப் புனேவில் யாருக்கும் சொல்ல வராததால் நாதனாகிப் போனவன், அங்க நீங்க ரெண்டு பேரும் தனியா என்னம்மா செய்யப் போறீங்க, வீட்டக் காலி பண்ணிட்டு இங்க வந்துருங்க, பிள்ளையும் ஆச்சி ஆச்சிங்கா என்று போனில் சொன்னான், அதில் குறை சொல்ல ஒன்றும் இல்லை, பாசமான பிள்ளை, மருமகளும் நல்ல மாதிரி, பிரமநாயகி ம் என்றாள், அவள் ம் என்றால் சரி என்று எடுத்துக்கொள்வது அந்தக் குடும்பத்து வழக்கம். சங்கரலிங்கம் மட்டும் ம் சொல்லவில்லை, அவர் ஆணியில் நூல் கட்டித் தொங்கும் பஞ்சாங்கத்தை எடுத்துக்கொண்டு வெளிச்சத்துக்குப் போனார், மூலைகளில் மஞ்சள் தடவிய மெல்லிய புத்தகம், சித்திரை பிறந்தால் புதிதாக வரும், அவர் பொதுப்பணித் துறையில் வரைபடம் போட்டு ஓய்வு பெற்றவர், கோடு இம்மி பிசகினாலும் தாங்காது, புரட்டிக்கொண்டே வந்தவர், அடடா, திங்கக்கெழமை எனக்குச் சந்திராஷ்டமம்லா என்று தலையில் கை வைத்தார், சந்திரன் தன் ராசிக்கு எட்டாம் இடத்தில் நிற்கிற நாள் அது, அந்த நாளில் அவர் கடைக்குப் போனால்கூட பேரம் பேச மாட்டார், யாரோடும் வாயே திறக்க மாட்டார், திறந்தால் சண்டை வந்துவிடும் என்று பயம், மாதத்தில் அந்த ஓரிரு நாள் வீடு அமைதியாக இருக்கும், அந்த நாள் எப்போது வரும் என்று அவள் மனசுக்குள் ஆவலாகக் காத்திருந்த காலம்கூட உண்டு. முடிவெட்டிக்கொள்ள ஒரு நாள், எண்ணெய் தேய்க்க ஒரு நாள், புதுச் சட்டையை முதன்முதல் போட ஒரு நாள், டாக்டர் எழுதிக் கொடுத்த மாத்திரையை விழுங்க ஆரம்பிக்கக்கூட ஒரு நாள், இருமல் வந்தவர் வளர்பிறைக்காகக் காத்திருந்து காத்திருந்து இருமல் தானே போய்விட்டதும் உண்டு, நாதன் எழுத்துக் கூட்டிப் படிக்கக் கற்றுக்கொண்டதே கடைசிப் பக்கத்துப் பல்லி விழும் பலனில்தான், தலையில் விழுந்தால் கலகம் என்று சத்தமாகப் படித்துவிட்டு அப்பாவின் வழுக்கையைப் பார்த்துச் சிரிப்பான், அவரும் சிரிப்பார், சிரித்துவிட்டு நிமிர்ந்து உத்தரத்தை ஒருமுறை பார்த்துக்கொள்வார். சின்னக் காரியங்களை அவர் அவளிடம் கேட்பார், குழம்பா ரசமா, இந்தச் சட்டையா அந்தச் சட்டையா, பெரிய காரியங்களைப் பஞ்சாங்கத்திடம் கேட்பார், புனேவுக்குப் போவதா வேண்டாமா என்பது பெரிய காரியம், ஆகவே அவளைக் கேட்கவில்லை.

அவர் மட்டுமா, எல்லோருமே அப்படித்தான், சங்கரன்கோவிலில் பிறந்த வீட்டில் அவள் பாவாடை தாவணியோடு அடுப்படியில் நிற்கிறாள், ஜோசியர் கூடத்தில் இரண்டு ஜாதகங்களையும் பரப்பிவைத்துக்கொண்டு பொருத்தம் அமோகம் என்கிறார், அப்பா எழுந்து வந்து அம்மாவிடம் சொல்கிறார், அம்மா குனிந்து அவள் காதில் சொல்கிறாள், மாப்பிள்ளை பாளையங்கோட்டையாம், நல்ல வேலையாம், அவளுக்குச் செய்தி கடைசியில்தான் வந்து சேர்ந்தது, கல்யாணம் முடிந்த பிறகும் நாள் சரியில்லை என்று அவளை உள்ளறையிலும் அவரைக் கூடத்திலும் படுக்க வைத்தார்கள், யாரும் பக்கத்தில் இல்லாத ஒரு சாயங்காலம் கதவுக்கு அந்தப் பக்கம் தொண்டையைச் செருமுகிற சத்தம், நான் பாத்துட்டேன், சேந்து இருக்கத்தான் நாள் பாக்கணும், பேசக் கூடாதுன்னு எங்கயும் போடல என்றது ஒரு குரல், பிறகு, உனக்கு முறுக்குப் பிடிக்குமா என்றது, அவள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள், இப்போதும் சிரிப்பு வருகிறது, இவ்வளவு கட்டுப்பாட்டுக்கும் நடுவில் ஒரு சந்து கண்டுபிடித்து அதன் வழியாக முறுக்கு நீட்டுகிற மனுஷனை எப்படிப் பிடிக்காமல் போகும், பிடித்துத்தான் போயிற்று. அவருக்கு இதெல்லாம் பக்தி என்று அவள் முதலில் நினைத்திருந்தாள், பயம் என்று பிறகுதான் தெரிந்தது, அவர் சின்னப் பிள்ளையாக இருக்கும்போது அவருடைய அப்பா ஆற்றுக்குக் குளிக்கப் போனவர் கரையேறவில்லை, தாமிரபரணியில் வெள்ளம், துட்டி விசாரிக்க வந்த யாரோ ஒருவர், இன்னைக்குக் கரிநாளுல்லா, பாத்துப் போயிருக்கக் கூடாதா என்று ஒரு வார்த்தை சொல்லிவிட்டுப் போய்விட்டார், சொன்னவர் மறந்திருப்பார், கேட்ட பிள்ளைக்கு வழுக்கை விழுந்த பிறகும் அது மறக்கவில்லை, ஒவ்வொரு நாளும் காலையில் பல் விளக்குவதற்கு முன்னால் அவர் பஞ்சாங்கத்தைப் பார்ப்பது தனக்காக இல்லை, யாரையும் இனி ஆற்றுக்குக் கொடுத்துவிடக் கூடாது என்பதற்காக. இதைப் புரிந்துகொண்ட பிறகு அவளால் அவரைத் திட்ட முடியவில்லை, அதுதான் கஷ்டம், திட்டித் தீர்க்க முடிந்தால் பாதிக் குடும்பங்களில் பாரம் குறைந்துவிடும்.

திட்டியிருக்க வேண்டிய நாள் ஒன்று இருந்தது, பக்கத்து வீட்டுக்குப் போன் வந்தது, அம்மாவுக்கு ரொம்ப முடியவில்லை, உடனே வா என்று அண்ணன், அவள் சேலையைக்கூட மாற்றாமல் வாசலுக்கு வந்துவிட்டாள், அவர் பஞ்சாங்கத்தைப் பிடித்தபடி நடுவாசலில் நிற்கிறார், முகம் வெளுத்துக் கிடக்கிறது, இன்னைக்குக் கரிநாளு பிரமு, விடிஞ்சதும் மொத பஸ்ஸப் பிடிச்சிருவோம், ஒரு ராத்திரிதான என்கிறார், ஒரு ராத்திரிதான், அவள் படியில் அப்படியே உட்கார்ந்துவிடுகிறாள், நடந்தாவது போயிருக்கலாம், கத்தியிருக்கலாம், உட்கார்ந்துவிட்டாள், விடிந்து பஸ் பிடித்துச் சங்கரன்கோவிலில் இறங்கித் தெருமுனை திரும்பும்போதே சங்குச் சத்தம் கேட்டது. ராத்திரி பூரா பிரமு வந்துட்டாளா வந்துட்டாளான்னுதான் கேட்டுக்கிட்டு இருந்தாவ என்றாள் அண்ணன் மனைவி, அவள் சொன்னதிலும் தப்பில்லை, நடந்ததைச் சொன்னாள், அதைக் கேட்டுக்கொண்டு அவர் தூணோடு தூணாக நின்றார். அன்றைக்கும் அதற்குப் பிறகும் அதைப் பற்றி அவர்கள் இரண்டு பேரும் ஒரு வார்த்தை பேசியதில்லை, ஆனால் ஒவ்வொரு சித்திரையிலும் புதுப் பஞ்சாங்கம் வந்தால் அவர் முதலில் தேடுவது அவள் அம்மாவின் திதியைத்தான், சிவப்புப் பென்சிலால் அதைச் சுற்றி அளவாக ஒரு கட்டம் போடுவார், தன் அப்பாவின் திதியெல்லாம் அதற்குப் பிறகுதான், இத்தனைக்கும் அந்தத் திதியைக் கொடுக்க வேண்டியவன் அண்ணன், இந்த வீட்டில் அதற்கு ஒரு வேலையும் கிடையாது, அவள் அந்தக் கட்டத்தைப் பார்ப்பாள், பார்த்ததாகக் காட்டிக்கொள்ள மாட்டாள், மன்னித்துவிட்டாளா என்று கேட்டால் அவளுக்கே தெரியாது, சோறு போட்டாள், கால் வலித்தால் தைலம் தேய்த்துவிட்டாள், அந்த ஒரு ராத்திரி மட்டும் இரண்டு பேருக்கும் நடுவில் அப்படியே கிடந்தது.

புஷ்பம் வீட்டில் பையை வைப்பதற்கும் அவர் லேசில் சம்மதிக்கவில்லை, புனே வடக்கே, வடக்கே இருப்பது எதிர்வரிசை, எதிர்வரிசையில் ஒரு வீடு பூட்டிக் கிடக்கிறது, இன்னொன்றில் நாய், மிச்சம் புஷ்பம்தான், வேதக்கார வீட்டில் பரஸ்தானம் வைக்கலாமா என்று பஞ்சாங்கத்தில் எங்குமே போடவில்லை, முன்பக்கம் பார்த்தார், பின்பக்கம் பார்த்தார், விளம்பரங்களைக்கூடப் பார்த்தார், கடைசியில் புஷ்பமே வாசலில் வந்து நின்று, கொண்டாங்க அண்ணாச்சி, எங்க வீட்டுல ஒரு நாலு நாளு இருந்தா பை ஒண்ணும் மதம் மாறிராது என்றாள், அவருக்கே சிரிப்பு வந்துவிட்டது. வியாழக்கிழமை முற்பகல் நல்ல நேரத்தில் அவரே பையை அடுக்கினார், அடியில் கனமா இருந்தாத்தான் பை சாயாம நிக்கும் என்று அவளுடைய பச்சைப் பட்டுக்கரைப் புடவையை மடித்து முதலில் வைத்தார், அதன்மேல் துண்டு, அவருடைய வேட்டி, அவள் கண்ணாடி, தைலம், கத்தரிக்கோல், எல்லாவற்றையும் வரைபடம் மாதிரி இடம் பார்த்து வைத்தார், தூக்கிக்கொண்டு தெருவைத் தாண்டினார், பை போய்த் தையல் மெஷின்மேல் உட்கார்ந்தது. அந்த மெஷின்தான் பிரமநாயகி தினமும் மத்தியானம் போய் உட்கார்கிற இடம், புஷ்பம் பள்ளிக்கூடத்தில் டீச்சராக இருந்தவள், கணவன் போன பிறகு ஜாக்கெட் தைக்க ஆரம்பித்தவள், சும்மா பார்த்துக்கொண்டிருக்கப் போன பிரமநாயகியை ஒரு நாள் மெஷினில் உட்கார வைத்து, மிதிங்க மைனி, அது ஒண்ணும் கடிக்காது என்றாள், ஊசி ஓடியது, துணி நகர்ந்தது, நேர்கோடு அவள் காலுக்குக் கீழிருந்து புறப்பட்டு அவள் கைக்குக் கீழே வந்து விழுந்தது, அன்று ராத்திரி அவளுக்குத் தூக்கம் வரவில்லை, சந்தோஷத்தில் தூக்கம் வராமல் போவது அந்த வயதில் யாருக்கும் வெளியே சொல்ல முடியாத விஷயம், இப்போது தெருவில் பாதிப் பேர் அவளிடம்தான் வருகிறார்கள், பிரமு மைனி தச்சா கையத் தூக்குனா இழுக்காது என்று பேர் வாங்கியிருக்கிறாள், இதற்கு மட்டும் யாரும் நாள் பார்க்கவில்லை, ஒரு செவ்வாய்க்கிழமையோ புதன்கிழமையோ, என்ன திதி என்ன நட்சத்திரம், அவளுக்குத் தெரியாது.

வெள்ளிக்கிழமை அவள் புஷ்பம் வீட்டுக்குப் போனது கத்தரிக்கோலுக்காக, மூலைவீட்டுப் பெண்ணின் கல்யாண ஜாக்கெட் ஒன்று பாதியில் நின்றது, பையை மெஷினிலிருந்து கட்டிலுக்கு இறக்கி, ஜிப்பைத் திறந்து, கத்தரிக்கோலை எடுத்துத் தைத்து முடித்துவிட்டு, பையைத் திரும்பவும் மெஷின்மேல் ஏற்றினாள், கத்தரிக்கோல் எப்படியோ அவளோடு வீட்டுக்கு வந்துவிட்டது, பை வரக் கூடாது என்றுதான் சட்டமே தவிர பைக்குள் இருப்பதைப் பற்றிப் பேச்சே இல்லை, கொஞ்ச நேரத்தில் கண்ணாடி இல்லாமல் ஊசியில் நூல் கோக்க முடியவில்லை, போனாள், சனிக்கிழமை காலையில் தைலம், பிறகு துண்டு, பிறகு அவருடைய வேட்டி ஒன்றில் ஓரம் பிரிந்திருந்த ஞாபகம் வந்தது, போனாள், என்ன மைனி, பை நாளுக்கு நாள் இளைச்சுக்கிட்டே போகுது என்றாள் புஷ்பம், தேவையாயிருக்குல்லா, எடுக்கேன் என்றாள் இவள், புஷ்பம், நீங்க போயிட்டா நான் யாருகிட்ட மைனி சண்ட போட என்று மட்டும் ஒரு தடவை சொல்லிவிட்டு, தூசி இல்லாத ஏசுநாதர் படத்தைத் துணியால் துடைத்துக்கொண்டே நின்றாள். நேற்றுச் சாயங்காலம் குளித்துவிட்டு வந்து பார்த்தால் உடுத்த மாற்றுப் புடவை இல்லை, துணிமணியெல்லாம் அட்டைப் பெட்டிகளில் கட்டியாகிவிட்டது, நாளைக் காலையில் லாரி வரும், போனாள், கையை விட்டுத் துழாவினாள், அடியில் பச்சைப் புடவை இருந்தது. நான் போக மாட்டேன் என்று அவள் ஒருபோதும் நினைக்கவில்லை, நினைக்கத் தைரியம் இல்லை, கைதான் போய்ப்போய் எடுத்துக்கொண்டு வந்தது, இந்த வீட்டை விட்டு, இந்த மத்தியானங்களை விட்டு, தன் காலால் மிதித்து ஓட்டிய அந்த ஒரு நேர்கோட்டை விட்டுப் போக அவளுக்குத் துளிகூட இஷ்டமில்லை, அவ்வளவு இஷ்டமில்லை என்பது இந்த வெயிலில் இந்த ஜன்னலில் உட்கார்ந்து பார்க்கும்போதுதான் அவளுக்கே தெரிகிறது.

கண் செருகுகிறது, ரயில் போகிறது, ஜன்னலோர இருக்கையில் பை மட்டும் தனியாக உட்கார்ந்திருக்கிறது, டிக்கெட் பரிசோதகர் வந்து பெயர் கேட்கிறார், பிரமநாயகி என்கிறது பை, சரியாப்போச்சு என்று அவர் டிக் அடிக்கிறார், புனேவில் நாதன் பையைத் தோளோடு அணைத்து லிப்டில் ஏற்றுகிறான், போன தடவை பார்த்த அதே வீடு, எந்த ஜன்னலைத் திறந்தாலும் இன்னொருவர் ஜன்னல், கிழக்கு எந்தப் பக்கம் என்று அவள் கேட்டபோது மருமகள் போனை எடுத்துப் பார்த்துச் சொன்ன வீடு, பேத்தி ஓடிவந்து ஆச்சி ஆச்சி என்று பையின் காதைப் பிடித்து இழுக்கிறது, பை ம் என்கிறது, ஜிப்பைத் திறந்து பார்க்கிறார்கள், உள்ளே ஒன்றுமே இல்லை, ஆழமாக இருட்டாக இருக்கிறது, அந்த இருட்டுக்குள்ளிருந்து அம்மா குரல், பிரமு வந்துட்டாளா, பிரமு வந்துட்டாளா, இந்தா வந்துட்டேன் என்று இவள் இங்கிருந்து கத்துகிறாள், வாயிலிருந்து சத்தம் வரவில்லை, திடுக்கிட்டு விழித்தபோது சங்கரலிங்கம் எதிரில் நிற்கிறார்.

அவர் பகல் தூக்கம் கலைந்து எழுந்து வந்து நிற்கிறார், அவளைப் பார்க்கிறார், அவளை இல்லை, அவள் உடுத்தியிருக்கும் பச்சைப் புடவையைப் பார்க்கிறார், காலையிலிருந்து பெட்டி கட்டுகிற அவசரத்தில் கண்ணில் படாதது இப்போது பட்டிருக்கிறது, அடியில் வைத்த புடவை, முதன்முதலில் வைத்த புடவை. அவள் எழுந்து காப்பி போடப் போகிறாள், கட்டாமல் வெளியே விட்டிருந்த இரண்டு டம்ளரில் ஊற்றிக்கொண்டு வருகிறாள், அவர் குடித்தார், சுவரில் மணி நாலரையைத் தாண்டிவிட்டது, ஞாயிற்றுக்கிழமை ராகுகாலம், இனி ஆறு மணிவரை அவர் வாசற்படியைத் தாண்ட மாட்டார், தபால்காரர் வந்தால்கூடக் கையை மட்டும் நீட்டி வாங்குவார், அந்தத் தைரியத்தில் அவள் டம்ளரைக் கழுவப் போனாள், திரும்பி வந்தால் அவர் செருப்பு இல்லை. ஜன்னலுக்கு ஓடினாள், அவர் தெருவின் நடுவில் போய்க்கொண்டிருந்தார், குடையில்லாமல், மேல்சட்டையில்லாமல் வெறும் பனியனோடு, புஷ்பம் எழுந்து வந்து, என்ன அண்ணாச்சி என்று கேட்பது கேட்டது, அவர் நேரே உள்ளே போய்ப் பையின் இரண்டு காதையும் பிடித்து, கனமான பையைத் தூக்குகிற வேகத்தில் தூக்கினார், அது துள்ளி அவர் நெஞ்சில் வந்து மோதியது. மைனிதான் ஒண்ணு ஒண்ணா எடுத்துட்டுப் போனாவ என்றாள் புஷ்பம் மெதுவாக. அவர் தலையை ஆட்டிக்கொண்டார், ரொம்ப நேரம் ஆட்டிக்கொண்டே நின்றார்.

பிறகு பையோடு தெருவில் இறங்கி வருகிறார், பிரமநாயகி வாசலுக்கு வந்துவிட்டாள், அவர் படிக்குக் கீழே, தெருமண்ணில் வந்து நிற்கிறார், படியேறவில்லை, அவருக்குப் பயம் என்று அவளுக்குத் தெரியும், ராகுகாலத்தில் வெளியே நிற்கிற பயம், உள்ளே கொண்டுவந்தால் என்ன ஆகுமோ என்ற பயம், நாதனிடம் என்ன சொல்வது என்ற பயம், எதிர்வாசலில் புஷ்பம் வாயில் கை வைத்துக்கொண்டு நிற்கிறாள். உள்ள கொண்டாரட்டுமா என்று கேட்டார். அவளுக்கு ஒரு கணம் விளங்கவில்லை, அவர் தன்னைத்தான் கேட்கிறார் என்பதே விளங்கவில்லை, பழக்க தோஷத்தில் அவள் திரும்பிச் சுவரில் தொங்கும் பஞ்சாங்கத்தைப் பார்த்தாள், ராகுகாலம்லா என்றாள். இருக்கட்டும், நீ சொல்லு என்றார் அவர். அவளுக்கு அழுகை வந்துவிட்டது, வந்தால் வரட்டும் என்று விட்டுவிட்டாள், தெருவில் யார் பார்த்தால் என்ன, எத்தனையோ வருஷமாகச் சேர்ந்து கிடந்தது, முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, எதுக்கு வெயில்ல நிக்கிய, உள்ள வாங்க என்றாள், பையோடயே வாங்க என்றாள். அவர் வலது காலா இடது காலா என்று பார்க்காமல் படியேறினார்.